படச்சுருளும் கத்தரியும்

கல்முனைக் கரையோரத்து மாணவரிடம் சிங்களத் திரைப்படம் பற்றி வினவினால், லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் பெயரைச் சிலராவது சொல்வர். டைட்டஸ் தொட்டவத்தவை அறிந்தாரைக் காண்டல் அரிது. படத்தொகுப்பாளரின் உழைப்பு திரையில் மறைந்து நிற்பது. மறைந்து நிற்கும் உழைப்பை மதியாத சமுதாயத்தில் இதில் வியப்பென்ன?

1947இல் வெளிவந்த முதற் சிங்களப் பேசும்படமாகிய 'கடவுனு பொரொந்துவ' மதுரைக் கலையகத்திலே உருவாயிற்று. அதன்பின்னும் சிங்களப் படங்கள் தென்னிந்தியக் கலையகங்களையே பெரிதும் சார்ந்திருந்தன. இலங்கைக் கிராமம் அவற்றில் வரைந்த திரைச்சீலையாயிற்று. 1948இல் தோன்றிய அரசாங்கத் திரைப்படப் பிரிவோ மெய்யான வயலையும் உழவனையும் படமாக்கியது. அதன் விவரணப் படங்கள் அரசாங்கத்தின் குரலிலேயே பேசின என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஆயினும் டைட்டஸ் டி சில்வா (அந்நாளில் அவர் பெயர் அதுவே) தொழில் பயின்றது அங்குதான்.

அத்தொழில் எத்தகையது? 35 மில்லிமீற்றர் சுருளில் விநாடிக்கு 24 சட்டங்கள். நிமிடத்துக்கு 90 அடி. பத்து நிமிட விவரணத்துக்கு 900 அடி போதும். பிடிக்கப்படுவதோ அதனிற் பன்மடங்கு. எதை வைப்பது, எதை எறிவது? உழவன் முகத்தை மூன்று விநாடியும், அமைச்சர் நாடா வெட்டுவதை முப்பது விநாடியும் காட்டலாம்; மாற்றியும் காட்டலாம். இரண்டிலும் பொய்யான காட்சி ஒன்றுமில்லை. ஆனால் சொல்லப்படும் வரலாறு வேறாகிவிடுகிறது. செய்திப்படம் பார்க்கும் மாணவர் இவ்வினாவை எழுப்பப் பழகவேண்டும் என்பது நம் கருத்து.

லெஸ்டரும், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும், டைட்டஸும் அரசாங்க வேலையைத் துறந்து 'ரேகாவ' எடுத்தனர். கலையகச் சுவர்களை விட்டுக் கிராமத்திலேயே படமாக்கப்பட்ட அது 1956 டிசம்பரில் வெளிவந்து, மறு ஆண்டு கான் விழாவுக்குச் சென்றது. உள்நாட்டில் வசூல் இல்லை. மாதச் சம்பளத்தை உதறியவர்களுக்கு அது எத்தகைய அடி என்பதை ஆசிரியர்களாகிய நாம் எளிதில் உணரலாம்! பின்னர் டைட்டஸ் தாமே நெறியாளராகிச் 'சண்டியா' (1965), சிறுவர் படமான 'ஹந்தயா' (1979) முதலியவற்றைத் தந்தார்.

1982 பெப்ரவரி 15இல் ரூபவாஹினி ஒளிபரப்பைத் தொடங்கியது. அங்கே பிறநாட்டுக் கேலிச்சித்திரப் படங்களுக்குச் சிங்களக் குரல் கொடுக்கும் பணியை அவர் முன்னின்று நடத்தினார். அமெரிக்க முயல் 'ஹா ஹா ஹரி ஹாவா' ஆயிற்று. டாக்டர் டூலிட்டில் 'தொஸ்தர ஹொந்தஹித' ஆனார். சொல்லுக்குச் சொல் பெயர்க்காமல், வீட்டிலே குழந்தை கேட்கும் பேச்சை அப்பாத்திரங்களின் வாயில் வைத்தமையே அவர் செய்த பெரும்பணி.

2011இல் டைட்டஸ் மறைந்தார். சாய்ந்தமருதிலும் நிந்தவூரிலும் வளரும் பிள்ளைக்குத் தன் தாய் பேசும் தமிழில், தன் ஊர்ச் சொல்லில், ஒரு முயல் பேசக் கேட்கும் உரிமை இல்லையா? அதற்கான கலைஞரை எந்த நிறுவனம் பயிற்றப் போகிறது?