களப்பிரர் காலம்: தமிழக வரலாற்றில் ஒரு காலவெளி

சங்க கால மூவேந்தர்களின் ஆட்சி மங்கிய பின், கி.பி. 6ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டியன் கடுங்கோனும் பல்லவன் சிம்மவிஷ்ணுவும் எழுச்சி பெறும் வரையிலான ஏறத்தாழ 300 ஆண்டுகள் களப்பிரர் காலம் எனப்படுகின்றன. அரசர் வரிசையும் போர்ச் செய்திகளும் தெளிவாகக் கிடைக்காததால் இக்காலத்தை 'இருண்ட காலம்' எனப் பாடநூல்கள் நெடுங்காலம் குறித்து வந்தன. இருண்டிருந்தது அந்தக் காலமா, நமக்குக் கிடைத்த சான்றுகளா என்பதே ஆய்வாளர்களின் கேள்வி.

வேள்விக்குடிச் செப்பேடு

களப்பிரர் பற்றிய முதன்மைச் சான்று, பாண்டியன் நெடுஞ்சடையன் பராந்தகன் தனது 3ஆம் ஆட்சியாண்டில், ஏறத்தாழ கி.பி. 770இல், வழங்கிய வேள்விக்குடிச் செப்பேடு ஆகும். பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதி கொற்கை கிழான் நற்கொற்றனுக்கு அளித்த வேள்விக்குடி என்னும் ஊரைக் களப்பிரர் பறித்துக்கொண்டனர் என்றும், களப்பிரரைக் கடுங்கோன் அகற்றினான் என்றும் அது கூறுகிறது. நற்கொற்றன் வழிவந்த நற்சிங்கன் மன்னனிடம் முறையிட்டு, உரிமையை மெய்ப்பித்து ஊரைத் திரும்பப் பெற்றான்.

அடிப்படையில் இது ஒரு நில வழக்கின் ஆவணம். களப்பிரர் ஆட்சி முடிந்து ஏறத்தாழ 180 ஆண்டுகளுக்குப் பின், அவர்களை வென்ற மரபினரால் எழுதப்பட்டது. எதிர்த்தரப்பின் வாக்குமூலம் அதில் இல்லை. களப்பிரரைக் கொடுங்கோலராகக் காட்டும் சித்திரம் பெரும்பாலும் இந்த ஒருதரப்புச் சான்றிலிருந்தே உருவானது.

பூலாங்குறிச்சிக் கல்வெட்டு

சிவகங்கை மாவட்டம் பூலாங்குறிச்சியில் கண்டறியப்பட்ட பாறைக் கல்வெட்டுகள் இச்சித்திரத்தை மறுஆய்வுக்கு உட்படுத்தின. சேந்தன் கூற்றன் என்னும் அரசனையும் 192 என்னும் ஆண்டையும் அவை குறிப்பிடுகின்றன. அது எந்த ஆண்டுக் கணக்கு என்று சொல்லப்படவில்லை. சக ஆண்டாகக் கொண்டால் கி.பி. 270 ஆகிறது, எழுத்தமைதியைக் கொண்டு 5ஆம் நூற்றாண்டு என்பாரும் உளர். ஒரே கல்வெட்டின் காலம் இரு நூற்றாண்டு வேறுபடுவதிலிருந்து இக்காலத்தைக் கணிப்பதன் கடினம் விளங்கும்.

இக்கல்வெட்டு தேவகுலத்தையும் பிரமதாயம் உடையாரையும் குறிக்கிறது. இவ்வரசன் களப்பிரன் எனக் கொண்டால், களப்பிரர் பிராமணர் நிலங்களை எல்லாம் பறித்தனர் என்ற கருத்து வலுவிழக்கும். அவன் களப்பிரன்தானா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு.

பிற சான்றுகள்

பாலி மொழி நூலாசிரியரான புத்ததத்தர், காவிரிப்பூம்பட்டினப் பகுதியில் அச்சுத விக்கந்தன் என்னும் களப்பிர மன்னன் காலத்தில் தாம் நூல் இயற்றியதைக் குறிப்பிடுகிறார். கி.பி. 470 அளவில் வச்சிரநந்தி மதுரையில் திராவிட சங்கத்தை நிறுவினார் எனச் சமண மரபு சொல்கிறது. பதினெண்கீழ்க்கணக்கு நூல்களுள் பலவும் இக்காலத்தவை என்பது அறிஞர் பலரின் கருத்து. தமிழ்பிராமி எழுத்து வட்டெழுத்தாக வளர்ந்ததும் இந்த நூற்றாண்டுகளில்தான். செங்கம், தருமபுரிப் பகுதி நடுகற்களில் தொடக்ககால வட்டெழுத்தைக் காணலாம்.

அறிஞர் கருத்துகள்

கே. ஏ. நீலகண்ட சாஸ்திரி இதனை வரலாற்றின் நீண்ட இரவாகக் கண்டார். மயிலை சீனி. வேங்கடசாமி 'களப்பிரர் ஆட்சியில் தமிழகம்' என்னும் நூலில், சமண, பௌத்த சமயங்களும் தமிழ் இலக்கியமும் வளர்ந்த காலமாக இதனை விளக்கினார். ஐராவதம் மகாதேவன் 2003இல் வெளியிட்ட தமது ஆய்வில், கி.பி. 6ஆம் நூற்றாண்டு வரையிலான தமிழ் எழுத்தின் வளர்ச்சியைக் கல்வெட்டுகளின் வழியே தொடர்ச்சியாகக் காட்டினார். களப்பிரர் கருநாடகப் பகுதியினரா, வேங்கட மலைப்பகுதிக் கள்வரா, தமிழகக் களப்பாளரா என்பது இன்னும் முடிவாகவில்லை.

அரச மெய்க்கீர்த்திகள் இல்லாத காலம் மக்கள் இல்லாத காலம் ஆகாது. அக்காலத்தவர் எழுதினர், நூல் இயற்றினர், இறந்த வீரருக்குக் கல் நட்டனர். அறுபடாமல் தொடர்ந்தது அவர்தம் வாழ்வு. அறுபட்டது அரசர் பட்டியல் மட்டுமே. புதிய கல்வெட்டு ஒன்று கிடைக்கும்தோறும் இந்த இடைவெளி சிறிது சுருங்குகிறது.