வழக்கு இழுத்துக்கிட்டே போகுதா? உயர் நீதிமன்றம் என்ன செய்யலாம்?

டுரியான் துங்காலில் அப்பா வாடகைக்கு விட்ட வீட்டை, இருப்பவர் காலி செய்யவில்லை என்று வைத்துக்கொள்வோம். செஷன்ஸ் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டாச்சு. தேதி மட்டும் தள்ளிக்கொண்டே போகிறது.

1964-ஆம் ஆண்டு நீதிமன்றங்கள் சட்டத்தின் 35-ஆவது பிரிவைப் பாருங்கள். கீழ் நீதிமன்றத்தில் வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தாலும், உயர் நீதிமன்றம் தானாகவோ, நீங்கள் கேட்டோ, கோப்பை வரவழைக்கலாம். வழக்கைத் தன்னிடமே மாற்றிக்கொள்ளலாம். அல்லது எப்படி நடத்த வேண்டும் என்று உத்தரவிடலாம்.

ஆனால் ஒரு சிக்கல். கோப்பைக் கேட்டதுமே, மறு உத்தரவு வரும்வரை கீழே விசாரணை நின்றுவிடும்! வேகப்படுத்தப் போய் இன்னும் தாமதமாகலாம். அதனால் முதலில், தேதியை முன்னுக்குக் கொண்டுவரச் சொல்லி லாயர் மூலம் அதே நீதிமன்றத்தில் கேட்டுப் பாருங்கள்.

கிராண்ட் யாருக்குச் சொந்தம் என்ற சண்டையா? அது பொதுவாக நேரே ஆயர் குரோவில் உள்ள உயர் நீதிமன்றத்துக்கே போகும்.