அழியாத வெள்ளை

அழுக்கும் சாயமும் ஒட்டாத, கிழியாத ஓர் இழை: அலெக்ஸாண்டர் மெக்கண்ட்ரிக்கின் 'தி மேன் இன் த ஒயிட் சூட்' (1951) படத்தின் கற்பனை இது. கண்டுபிடித்தவனை ஆலை முதலாளிகளும் தொழிலாளிகளும் சேர்ந்தே துரத்துகிறார்கள். வெளுக்கத் துணி இல்லாவிட்டால் தன் பிழைப்பு என்னாவது என்கிறாள் ஒரு கிழவி. முடிவில் உடை தானாகப் பிய்ந்து உதிர்கிறது. கூட்டம் சிரிக்கிறது. நானும் சிரித்தேன்.

ஆனால் 1941இலேயே இங்கிலாந்தில் வின்ஃபீல்டும் டிக்ஸனும் பாலியெஸ்டர் இழைக்குக் காப்புரிமை கோரிவிட்டார்கள். பின்னால் டெரிலீன் என்று நாம் உடுத்தியது அதைத்தான். சரித்திரம் படத்தின் முடிவைத் தலைகீழாக்கிற்று. இழை உதிரவில்லை, உடுத்துபவனுக்குத்தான் அலுத்துவிடுகிறது. கழற்றி எறிந்தது குப்பைமேட்டில் மக்காமல் கிடக்க, ஆலைகள் மேலும் நெய்கின்றன. முதலாளிகள் பயந்தது வீண். கிழவியின் கேள்விதான் என்னைத் தொந்தரவு செய்கிறது. அதற்குப் படத்திலும் பதில் இல்லை, வெளியிலும் இல்லை.