அசைவூட்ட ஆவணப்படங்களில் போர் நினைவு: வரைவும் சான்றும்

ஆய்வுச்சுருக்கம்
போரையும் அதன் உளக்காயத்தையும் பதிவுசெய்த மூன்று அசைவூட்ட ஆவணப்படங்களை ஒப்பிட்டு, வரையப்பட்ட காட்சியை வரலாற்றாய்வாளர் எவ்வகைச் சான்றாகக் கொள்ளலாம் என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: அசைவூட்டம், ஆவணப்படம், உளக்காயம், நினைவு, சான்று

முன்னுரை
நிகழ்விடத்தில் ஒளிப்படக்கருவி இருந்தது என்பதே ஆவணப்படத்தின் நம்பகத்தன்மைக்கு அடிப்படையாகக் கருதப்படுகிறது. அசைவூட்டத்திற்கு இவ்வடிப்படை இல்லை. எனினும் ஆவணப்படம் அதனை நாடியதற்குக் காரணங்கள் உண்டு. அக்காரணம் வேறுபடும்போது சான்றின் தன்மையும் வேறுபடுகிறது.

பதிவு இல்லாத நிகழ்வு
1915 மே 7 அன்று, ஜெர்மானிய நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று அயர்லாந்துக் கடற்கரைக்கு அருகே லூசிடானியா என்னும் பிரித்தானியப் பயணிகள் கப்பலைத் தாக்கியது. 18 நிமிடங்களில் கப்பல் மூழ்கியது. ஏறத்தாழ 1,200 பேர் உயிரிழந்தனர். அக்காட்சிக்குத் திரைப்படப் பதிவு இல்லை. வின்சர் மெக்கே அதனை வரைந்து 1918இல் வெளியிட்டார். உயிரிழந்த புகழ்பெற்றோரின் ஒளிப்படங்களை இடையிடையே சேர்த்து, அவற்றின் நம்பகத்தன்மையை வரைவுக்கும் பெற்றுத் தந்தார். குழந்தையை நீருக்கு மேல் உயர்த்தியபடி தாய் மூழ்கும் காட்சி, ஜெர்மனிக்கு எதிரான சினத்தைத் தூண்டுமாறு அமைந்தது. யாருடைய நினைவு என்று கூறாமலே வரைவு இங்கு நிகழ்வின் இடத்தில் நிற்கிறது. ஆகவே இப்படம் நிகழ்வைவிடப் போர்க்காலப் பரப்புரைக்கே வலுவான சான்றாகும்.

நினைவு இழந்த சாட்சி
'வால்ட்ஸ் வித் பஷீர்' (2008) படத்தின் இயக்குநர் ஆரி ஃபோல்மன், 1982 லெபனான் போரில் இஸ்ரேலியப் படைவீரராக இருந்தவர். அவ்வாண்டு செப்டம்பரில் பெய்ரூத்தின் சப்ரா, ஷட்டிலா பகுதிகளில் பாலத்தீனரும் லெபனானியரும் கொல்லப்பட்ட நாள்கள் அவர் நினைவில் இல்லை. இளம் வீரர்கள் இரவில் கடலிலிருந்து எழுந்து மஞ்சள் ஒளியில் கரையேறும் காட்சி மட்டுமே மீண்டும் மீண்டும் வருகிறது. அதில் உடனிருந்தவராகக் காட்டப்படும் நண்பரால் அதனை உறுதிசெய்ய இயலவில்லை. ஆனால் அவ்வொளிக்கு வேறு சான்று உண்டு. ஃபலாஞ்சிப் படையினர் முகாம் பகுதிக்குள் இருந்த இரவில் இஸ்ரேலியப் படை வானில் ஒளிக்குண்டுகளை ஏவியதை 1983ஆம் ஆண்டின் கஹான் விசாரணைக்குழு அறிக்கையும் பதிவுசெய்துள்ளது. உறுதிப்படாத கடற்காட்சிக்குள் உறுதிப்பட்ட ஒளி தங்கியிருக்கிறது. நினைவு மறைத்ததையும் காத்ததையும் ஒரே சட்டகத்தில் காட்ட வரைவால் முடிந்தது.

இறுதியில் வரைவு நின்று, உண்மைச் செய்திப்படம் தோன்றுகிறது. அதில் அரற்றும் பெண்களின் சொற்கள் மொழிபெயர்க்கப்படவில்லை. படைவீரரின் அகவுலகம் விரிவாக வரையப்பட்டிருக்க, பாதிக்கப்பட்டோர் புறக்காட்சியாகவே எஞ்சுகின்றனர்.

மறைந்திருக்க வேண்டிய சாட்சி
யோனாஸ் போஹர் ராஸ்முசெனின் 'ஃப்ளீ' (2021), ஆப்கானிஸ்தானிலிருந்து தப்பி டென்மார்க் சேர்ந்த ஒருவரின் கதையை அவர் குரலிலேயே கூறுகிறது. 'அமீன்' என்பது மாற்றுப்பெயர். தம் குடும்பத்தினர் அனைவரும் இறந்துவிட்டதாகக் கூறுமாறு ஆள்கடத்துவோர் பணித்தமையால், அவர் அதிகாரிகளிடம் அவ்வாறே கூறியிருந்தார். அரசின் பதிவில் இடம்பெறாத உண்மை, வரைந்த முகத்தின் பின்னிருந்தே வெளிப்படுகிறது. உளக்காயம் மிகும் இடங்களில் உருவங்கள் தெளிவற்ற கரிக்கோடுகளாக மாறுகின்றன. நினைவின் எல்லையைப் படமே ஒப்புக்கொள்கிறது.

முடிவுரை
அசைவூட்டம் நிகழ்வுக்கு நேரடிச் சான்றாவதில்லை. நிகழ்வு எவ்வாறு நினைக்கப்பட்டது என்பதற்குச் சான்றாகலாம். ஏன் வரையப்பட்டது, யாருடைய நினைவு வரையப்பட்டது, பிற ஆவணங்களோடு அது எங்குப் பொருந்துகிறது என்னும் மூன்று வினாக்களுக்கு உட்படுத்திய பின்னரே இத்தகைய படங்களை வரலாற்று மூலங்களாகக் கொள்ள வேண்டும். இவற்றுள் இரண்டாவது வினா அறம் சார்ந்ததும் ஆகும். வரையப்படாதோரின் நினைவை அதுவே கேட்கத் தூண்டுகிறது.