சிறுத்தை வந்த வழி: அமெரிக்கக் கல்லூரி அணிகளின் பெயர்களும் பெயரிடும் அதிகாரமும்



நம் சேரிச் சுவர்களில் சிறுத்தை பாய்ந்துகொண்டிருக்கிறது. அது எங்கிருந்து வந்தது என்று கேட்டால், 1982இல் மதுரையில் மலைச்சாமி தொடங்கிய தலித் சிறுத்தைகள் இயக்கத்தை நினைவுகூர்வோம். அதற்கு முன்னால் 1972இல் பம்பாயில் நாம்தேவ் தசால், ஜெ.வி. பவார், ராஜா தாலே முதலியோர் கட்டிய தலித் பேந்தர்ஸ். அதற்கும் முன்னால் 1966இல் ஓக்லாந்தில் ஹியூய் நியூட்டனும் பாபி சீலும் தொடங்கிய கருஞ்சிறுத்தைகள் கட்சி. பெரும்பாலும் அங்கேயே நின்றுவிடுகிறோம். இன்னும் இரண்டு அடி பின்னால் போனால் அலபாமா மாநிலத்தின் ஒரு பருத்திக் காட்டுக்கும், அங்கிருந்து அட்லாண்டா நகரத்துக் கல்லூரி ஒன்றின் விளையாட்டுத் திடலுக்கும் போய்ச் சேருவோம். அந்தத் திடலைப் பற்றித்தான் இந்த நினைவுரையில் பேச எண்ணுகிறோம்.

அலபாமாவின் லவுண்ட்ஸ் மாவட்டத்தில் அன்று ஐந்தில் நான்கு பேர் கறுப்பர்களாக இருந்தார்கள். ஆனால் 1965ஆம் ஆண்டு பிறந்தபோது அங்கே வாக்காளர் பட்டியலில் ஒரு கறுப்பர் பெயர்கூட இல்லை. நிலம் வெள்ளையருடையது, வீடும் அவர்களுடையது. பெயரைப் பதியப் போனவர்களைக் குத்தகை நிலத்திலிருந்தும் குடிசையிலிருந்தும் துரத்தினார்கள். அந்தக் குடும்பங்கள் நெடுஞ்சாலை ஓரத்தில் கூடாரம் அடித்து வாழ்ந்தன. நம் கிராமங்களில் கூலி உயர்வு கேட்டவர்களுக்கு என்ன நடந்தது என்பதை அறிந்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் வேண்டியதில்லை.

1965 ஆகஸ்டில் வாக்குரிமைச் சட்டம் வந்தது. மாணவர் அகிம்சை ஒருங்கிணைப்புக் குழுவின் ஸ்டோக்லி கார்மைக்கேலும் தோழர்களும் உள்ளூர்த் தலைவர் ஜான் ஹூலட்டுடன் சேர்ந்து தனிக் கட்சி கட்டினார்கள். லவுண்ட்ஸ் மாவட்ட விடுதலை அமைப்பு என்பது அதன் பெயர். எழுதப் படிக்கத் தெரியாத வாக்காளர்கள் நிறைந்த மாநிலம் என்பதால் ஒவ்வொரு கட்சிக்கும் ஒரு படச்சின்னம் இருக்க வேண்டும் என்பது அலபாமாவின் விதி. நம் நாட்டிலும் முதல் பொதுத்தேர்தல் முதலே சின்னம் வந்ததற்கு இதே காரணம்தான். அலபாமா ஜனநாயகக் கட்சியின் சின்னம் வெள்ளைச் சேவல். அதன் தலைக்கு மேலே 'வெள்ளை மேலாதிக்கம்' என்று வாக்குச்சீட்டிலேயே அச்சடித்திருந்தார்கள். 1966இல்தான் அந்தச் சொல்லை எடுத்தார்கள்.

அந்தச் சேவலுக்கு எதிரே எதை நிறுத்துவது? குழுவின் ஊழியர் ரூத் ஹோவர்டு முதலில் ஒரு புறாவை முன்வைத்தார். புறா எடுபடவில்லை. அப்போது அவர் கண்ணில் பட்டது அட்லாண்டாவின் கிளார்க் கல்லூரி அணிச்சின்னமான சிறுத்தை. விடுதலையான அடிமைகளின் பிள்ளைகளுக்காக 1869இல் தொடங்கப்பட்ட கல்லூரி அது. அந்தச் சிறுத்தையைப் பார்த்து வரைந்த படம் வாக்குச்சீட்டுக்குப் போனது. ஹூலட் அதற்குச் சொன்ன விளக்கத்தின் சாரம் இதுதான்: இந்த விலங்கு தானாக வம்புக்கு வராது, மூலையில் தள்ளி நெருக்கினால் பின்வாங்காமல் பாயும். பத்திரிகைகள் அமைப்பின் நீண்ட பெயரை விட்டுவிட்டுக் 'கருஞ்சிறுத்தைக் கட்சி' என்றே எழுதின.

1966 நவம்பர் தேர்தலில் சிறுத்தை நின்ற ஏழு பதவிகளிலும் தோற்றது. பண்ணையார்கள் தங்கள் கறுப்பினக் கூலிகளை வண்டியில் ஏற்றி வந்து சேவலுக்குக் குத்தச் செய்தார்கள். ஆனால் 1970இல் ஜான் ஹூலட் அதே மாவட்டத்தின் ஷெரீப் ஆனார். அதற்குள் சிறுத்தை கலிபோர்னியா போய்விட்டது. அங்கிருந்து செய்தித்தாள் வழியாகப் பம்பாய்க்கு வந்ததையும், 1990க்குப் பின் திருமாவளவன் தலைமையில் விடுதலைச் சிறுத்தைகளாக வளர்ந்ததையும் நீங்கள் அறிவீர்கள். 2024 மக்களவைத் தேர்தலில் சிதம்பரத்திலும் விழுப்புரத்திலும் அக்கட்சி வென்றது பானைச் சின்னத்தில். சிறுத்தை பெயரில் மட்டும் நின்றது.

கிளார்க் கல்லூரிச் சிறுத்தையைப் போல அமெரிக்காவில் ஏறக்குறைய எல்லாக் கல்லூரி அணிகளுக்கும் ஒரு பட்டப்பெயரும் அதற்கேற்ற சின்னமும் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் அந்த வழக்கம் வேரூன்றியது. 1889இல் யேல் பல்கலைக்கழகம் ஒரு புல்டாக் நாயைத் திடலுக்குக் கூட்டி வந்தது. பல பெயர்களைக் கல்லூரிகள் தாமாக வைக்கவில்லை. விளையாட்டுச் செய்தி எழுதியவர்கள் வைத்தார்கள், எதிரணியினர் கேலியாக வைத்தார்கள். 1891இல் பர்டியூ என்ற தொழிற்கல்விக் கல்லூரி, வபாஷ் என்ற மேட்டுக்குடிக் கல்லூரியை 44-0 என்று தோற்கடித்தது. தோற்ற ஊரின் பத்திரிகை பொறுக்கமுடியாமல் வென்றவர்களைத் தடித்த கொதிகலன் தொழிலாளிகள் என்று எழுதியது. அதற்கு முன்பே அவர்களைக் கரி அள்ளுபவர்கள், கொல்லர்கள் என்றெல்லாம் ஏசியிருந்தார்கள். கையால் உழைப்பது இழிவு என்பது அந்த வசையின் உட்பொருள். பர்டியூ மாணவர்கள் கோபப்படாமல் அதையே பெயராகச் சூடிக்கொண்டார்கள். இன்றும் அவர்கள் 'பாய்லர்மேக்கர்ஸ்'தான். நம் ஐபிஎல் அணிகளின் பெயர்களை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ராஜாக்களும் ராஜவம்சங்களும் பிரபுக்களுமாக இருக்கிறார்கள். உழைப்பவன் பெயரில் ஓர் அணியைக் காணோம்.

வேறு சில பெயர்கள் கொள்ளையை நினைவுச்சின்னம் ஆக்குபவை. ஓக்லஹோமா பல்கலைக்கழக அணி 'சூனர்ஸ்'. 1889இல் அங்கே பழங்குடிகளிடமிருந்து பெற்ற நிலத்தை வெள்ளையர் குடியேற்றத்துக்குத் திறந்துவிட்டபோது, குறித்த நேரத்துக்கு முன்பே திருட்டுத்தனமாக நுழைந்து நல்ல நிலத்தை வளைத்தவர்களுக்கு வந்த பெயர் அது. மிசிசிப்பி பல்கலைக்கழகத்தின் செல்லப்பெயர் 'ஓல் மிஸ்'. தோட்ட முதலாளியின் மனைவியை அடிமைகள் அழைத்த சொல் அது. நம் வழக்கில் சொன்னால் 'ஆண்டையம்மா' என்று ஒரு பல்கலைக்கழகத்துக்குப் பெயர் வைப்பது போல. 1962இல் ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின மாணவரைச் சேர்ப்பதற்கு ராணுவம் வரவேண்டியிருந்தது அந்த வளாகத்துக்குத்தான். செல்லப்பெயர் இன்றும் மாறவில்லை.

இனி இந்த வரலாற்றின் மையத்துக்கு வருவோம். அமெரிக்க மண்ணின் முதற்குடிகளின் பெயர்கள் அது. (செவ்விந்தியர் என்ற சொல்லை நம் பாடநூல்கள் பரப்பின. அதற்குள்ளும் வெள்ளையர் பூசிய நிறம் ஒட்டிக்கொண்டிருப்பதால் இங்கே தவிர்க்கிறோம்.)

1879இல் பென்சில்வேனியாவின் கார்லைலில், பழைய ராணுவக் குடியிருப்பு ஒன்றில், ரிச்சர்டு பிராட் என்ற அதிகாரி முதற்குடிப் பிள்ளைகளுக்கு உறைவிடப் பள்ளி தொடங்கினார். தலைமுடியை வெட்டினார்கள், தாய்மொழியைத் தடுத்தார்கள், பெயரை மாற்றினார்கள். அங்கே இறந்த குழந்தைகளின் கல்லறைகள் இன்றும் இருக்கின்றன. அந்தப் பள்ளியின் கால்பந்து அணி 1911இல் ஹார்வர்டை 18-15 என்று வீழ்த்தியது. 1912இல் ராணுவக் கல்லூரியை 27-6 என்று நொறுக்கியது. தோற்ற அணியில் ஆடியவர்களில் ஒருவர் பின்னாள் அதிபர் ஐசன்ஹோவர். வென்ற அணியின் நாயகன் ஜிம் தோர்ப். அதே ஆண்டு ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் அவர் இரண்டு தங்கம் வென்றார். அதற்குமுன் கூலிக்கு பேஸ்பால் ஆடினார் என்று சொல்லி 1913இல் பறித்தார்கள். அவரே தனி வெற்றியாளர் என்று முழுமையாக ஒப்புக்கொள்ள 2022 வரை ஆனது. கார்லைல் பள்ளி 1918இல் மூடப்பட்டது.

உண்மையான முதற்குடி அணி திடலை விட்டுப் போனபின் வேடமிட்ட முதற்குடி வந்தது. 1926இல் இல்லினாய் பல்கலைக்கழகத்தில் 'சீஃப் இல்லினிவெக்' என்ற தலைவன் ஆட்டத்தின் இடைவேளையில் இறகுக் கிரீடத்தோடு ஆடினான். ஆடியவர் சாரணர் இயக்கத்தில் நடனம் கற்ற வெள்ளை மாணவர். ஸ்டான்போர்டு அணி 1930இல் 'இந்தியன்ஸ்' ஆனது. அதே ஆண்டு வடக்கு டகோடா 'ஃபைட்டிங் சூ' ஆனது. இன்னொரு தேதியையும் பக்கத்தில் வைக்க வேண்டும். 1883இல் வந்த அரசு விதிகள் முதற்குடிகளின் சடங்கு நடனங்களைக் குற்றமாக்கியிருந்தன. 1934இல்தான் அந்தத் தடை நீங்கியது. ஆகவே இல்லினாயில் வெள்ளை மாணவர் ஆடிக் கைதட்டல் வாங்கிய நாளில், உரியவர் தன் நிலத்தில் தன் நடனத்தை ஆடினால் தண்டனைக்கு அஞ்ச வேண்டியிருந்தது.

இல்லினாய் என்ற பெயருக்குரிய மக்கள் 1832 ஒப்பந்தத்துக்குப் பின் அந்த மாநிலத்தை விட்டே அனுப்பப்பட்டவர்கள். அவர்களது வழித்தோன்றல்களான பியோரியா மக்கள் இன்று ஓக்லஹோமாவில் இருக்கிறார்கள். பல்கலைக்கழகத்தின் தலைவன் உடுத்தியதோ மேற்கே வெகுதொலைவில் வாழும் சூ மக்களின் உடை. ஒருவர் பெயர், இன்னொருவர் உடை, மூன்றாமவர் உடல். 1989இல் சார்லீன் டீட்டர்ஸ் என்ற ஸ்போக்கேன் இனத்துக் கலை மாணவி தன் இரு பிள்ளைகளோடு கூடைப்பந்து பார்க்கப் போனார். அந்த ஆட்டம் வந்ததும் பிள்ளைகள் இருக்கையில் கூனிக்குறுகிப் போனதைக் கண்டார். பிறகு ஒரு பதாகையைப் பிடித்துக்கொண்டு அரங்க வாசலில் தனியாக நின்றார். நாங்கள் மனிதர்கள், அணிச்சின்னங்கள் அல்ல என்பது அதன் சாரம். ஏசினார்கள், துப்பினார்கள். அவர் நின்றுகொண்டிருந்தார். 2007 பிப்ரவரியில் அந்தத் தலைவன் கடைசியாக ஆடினான்.

எதிர்த்தவர்களுக்கு எல்லா இடங்களிலும் கிடைத்த பதில் ஒன்றே: நாங்கள் உங்களைக் கௌரவிக்கிறோம். நமக்கு இது புதிதல்ல. 'நீ பறை அடிக்காமல் ஊர்த் திருவிழா உண்டா, உனக்குத்தானே முதல் மரியாதை' என்று சொல்லும் ஊரில், பறையை மறுத்தவனுக்கு என்ன மரியாதை கிடைத்தது என்பதைக் கேட்டால் போதும்.

வடக்கு டகோடாவில் இந்தக் கௌரவத்தின் விலை வெளிப்படையாகவே தெரிந்தது. ரால்ஃப் எங்கல்ஸ்டாட் என்ற சூதாட்ட விடுதி முதலாளி 10 கோடி டாலருக்கு மேல் செலவிட்டு ஹாக்கி அரங்கம் கட்டிக்கொண்டிருந்தார். பெயரை மாற்றினால் வேலையைப் பாதியில் விட்டுவிடுவேன் என்று 2000 டிசம்பரில் கடிதம் எழுதினார். மறுநாளே மாநில உயர்கல்வி வாரியம் பெயரைத் தக்கவைக்க வாக்களித்தது. ஹிட்லரின் பிறந்தநாளுக்குத் தன் விடுதியில் விருந்து வைத்து, அதற்காக 15 லட்சம் டாலர் அபராதம் கட்டியவர் இவர். அரங்கத்தின் தரையிலும் இருக்கைகளிலும் ஆயிரக்கணக்கில் சூ தலைச்சின்னத்தைப் பதித்தார், எடுப்பது கடினமாக இருக்கட்டும் என்று. தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கம் 2005இல் இத்தகைய சின்னங்களைத் தன் இறுதிப் போட்டிகளிலிருந்து விலக்கியது. 2012இல் மாநில மக்களில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கினர் பெயரைக் கைவிட வாக்களித்தார்கள்.

ஆனால் இதை ஒரே கோட்டில் முடித்துவிட முடியாது. வடக்கு டகோடாவிலேயே ஸ்பிரிட் லேக் பகுதியின் சூ மக்கள் 2009இல் பெயருக்கு ஆதரவாக வாக்களித்தார்கள். ஸ்டாண்டிங் ராக் மக்களின் மன்றம் ஒப்புதல் தர மறுத்தது. புளோரிடா மாநிலப் பல்கலைக்கழகம் 'செமினோல்ஸ்' என்ற பெயரை அந்த மாநிலச் செமினோல் மக்களின் ஒப்புதலோடு வைத்திருக்கிறது. வடக்கு கரோலினாவின் பெம்புரோக் பல்கலைக்கழகம் 'பிரேவ்ஸ்' என்ற பெயரைத் தொடர்கிறது. லம்பி மக்கள் தங்கள் பிள்ளைகளுக்கு ஆசிரியர் பயிற்சி வேண்டுமென்று 1887இல் பெற்ற பள்ளிதான் அந்தப் பல்கலைக்கழகம் என்பதால் சங்கமும் விலக்கு அளித்தது. செமினோல் பெயரை நாங்கள் பெம்புரோக் பெயரோடு ஒன்றாக எண்ணமாட்டோம். ஒப்புதல் கொடுப்பதும் தானே சூட்டிக்கொள்வதும் வேறுவேறு.

இந்தக் குழப்பம் நம் வரலாற்றிலும் உண்டு. 1893இல் இரட்டைமலை சீனிவாசன் 'பறையன்' என்றே இதழ் தொடங்கினார். அயோத்திதாசப் பண்டிதர் அந்தப் பெயரே பகைவர் இட்டது என்று மறுத்தார். இருவரும் ஒரே விடுதலையைத்தான் தேடினார்கள். 1922இல் எம்.சி. ராஜாவின் முயற்சியால் சென்னை அரசு ஆதி திராவிடர் என்ற பெயரை ஏற்றது. ஆனால் ஆங்கில அகராதியில் 'பரையா' என்ற சொல் ஒதுக்கப்பட்டவனைக் குறிக்கும் பொதுப்பெயராக இன்னும் இருக்கிறது. ஒதுக்கப்பட்ட நாட்டுக்கு 'பரையா' நாடு, தெருநாய்க்கு 'பரையா' நாய் என்று படித்தவர்களும் கூச்சமின்றி எழுதுகிறார்கள். லவுண்ட்ஸ் மக்கள் ஒரு விலங்கின் பெயரைத் தாமே எடுத்துக்கொண்டார்கள். நம் பெயரையோ நம்மைக் கேட்காமல் ஒரு விலங்குக்கு வைத்தார்கள்.

கடைசியாக ஒரு கூடைப்பந்து அணி. 2002இல் கொலராடோவில், பக்கத்து ஊர்ப் பள்ளி ஒன்று முதற்குடியைக் கேலிச்சித்திரமாக்கி வைத்திருந்த சின்னத்தை மாற்ற மறுத்தது. வடக்கு கொலராடோ பல்கலைக்கழகத்தின் முதற்குடி மாணவர்களும் நண்பர்களும் வளாகத்துக்குள் ஆடும் தங்கள் அணிக்கு 'ஃபைட்டிங் வைட்ஸ்' என்று பெயர் வைத்தார்கள். சண்டைக்கார வெள்ளையர்கள் என்று பொருள். கோட்டும் டையும் அணிந்த நடுத்தர வயது வெள்ளையர் படம் சின்னம். எங்கள் வலி அவர்களுக்கும் கொஞ்சம் உறைக்கட்டும் என்பது எண்ணம். வெள்ளையர்கள் புண்படவில்லை. ரசித்தார்கள், பாராட்டிக் கடிதம் எழுதினார்கள், அந்தப் படம் போட்ட டி-சட்டைகளை நாடெங்கும் ஆயிரக்கணக்கில் வாங்கிப் போட்டுக்கொண்டார்கள். பள்ளி தன் சின்னத்தை அப்போது மாற்றவில்லை. சட்டை விற்ற பணத்தை அந்த மாணவர்கள் கல்வி உதவித்தொகையாக்கினார்கள்.