ஈழத்துத் தமிழ்த் திரைக்கதை

ஈழத்துத் தமிழ்த் திரைக்கதை என்பது இலங்கையில் தயாரான தமிழ்ப் படங்களுக்கும், பின்னாளில் புலம்பெயர் நாடுகளில் ஈழத்தமிழர் எடுத்த படங்களுக்கும் எழுதப்பட்ட கதையமைப்பையும் வசனத்தையும் குறிக்கும். இப்பணி செய்தவர்களில் பெரும்பாலோர் சிறுகதை, நாவல், வானொலி நாடகத் துறைகளைச் சேர்ந்தவர்கள். ஓரிரு படங்கள் எழுதிவிட்டுத் தத்தம் துறைக்குத் திரும்பியவர்கள்.

இதற்கு மாறாக, இரண்டாம் உலகப் போருக்குப் பிந்திய யப்பானில் ஷினோபு ஹஷிமோட்டோ (1918–2018) ‘ரஷோமோன்’ (1950), ‘ஏழு சாமுராய்’ (1954), ‘ஹராகிரி’ (1962) எனப் பல பத்தாண்டுகள் திரைக்கதையையே தொழிலாகக் கொண்டிருந்தார். அங்கே பெரிய ஸ்டூடியோக்கள் இடைவிடாமல் படம் எடுத்தன. இலங்கையிலோ திரையரங்குகளை இந்தியத் தமிழ்ப் படங்கள் நிரப்பியிருந்தன. உள்ளூரில் எழுதியவருக்கு அடுத்த படம் கிடைக்கும் என்ற உறுதி இருக்கவில்லை.

முன்னோடிகள்

ஈழத்துப் பேச்சுமொழியில் உரையாடல் எழுதும் பயிற்சி திரைக்கு முன்பே மேடையிலும் வானொலியிலும் நடந்தது. பேராசிரியர் க. கணபதிப்பிள்ளையின் ‘நானாடகம்’ (1940) யாழ்ப்பாணத்து வீட்டுப் பேச்சை அப்படியே நாடக வசனமாக்கியது. இலங்கையர்கோனின் ‘விதானையார் வீட்டில்’ அதே பேச்சை இலங்கை வானொலிக்குக் கொண்டுசென்றது.

தொடக்கம்

இலங்கையின் முதல் தமிழ்ப் படமான ‘சமுதாயம்’ 1962இல் ஹென்றி சந்திரவன்ஸவின் இயக்கத்தில் 16 மில்லிமீற்றர் சுருளில் வெளியானது. மலையகத் தொழிலாளரைப் பற்றிய ‘தோட்டக்காரி’ தொடர்ந்து வந்தது. இக்கால வசனங்களில் பெரும்பகுதி தமிழ்நாட்டுப் பட வசனங்களை ஒத்திருந்ததால், தங்கள் பேச்சு திரையில் இல்லை என்ற குறை விமரிசகர்களிடம் இருந்துவந்தது.

கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா தயாரித்த ‘குத்துவிளக்கு’ (1972) இதற்கு விடையளிக்க முயன்றது. கதை துரைராஜாவுடையது; திரைக்கதை வசனம் ஈழத்து இரத்தினம். கோப்பாய், உரும்பிராய் போன்ற செம்மண் ஊர்களில் அன்றாடம் கேட்கும் தோட்டக்காரக் குடும்பக் கவலைகள், அவற்றுள்ளும் சீதனம், இப்படத்தில் கதைப்பொருளாயின.

எழுத்தாளர்களின் காலம்

1972இல் அமைந்த அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் பட இறக்குமதியையும் விநியோகத்தையும் தன் கையில் எடுத்தது. உள்ளூர்த் தயாரிப்புகளுக்கு வழி சற்றுத் திறந்தது. முக்கியமான திரைக்கதைகள் அடுத்த ஆறு ஆண்டுகளுக்குள் வந்தன.

வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ (1975) படத்துக்கு மலையக நாவலாசிரியர் தெளிவத்தை ஜோசப் எழுதினார். ‘கோமாளிகள்’ (1976) வானொலித் தொடரிலிருந்து பிறந்தது. அதை எழுதிய எஸ். ராமதாஸ் தானே மரிக்காராகத் தோன்றினார், ரி. ராஜகோபால் அப்புக்குட்டியாகவும், உபாலி செல்வசேகரன் உபாலியாகவும் வந்தனர். முஸ்லிம் பேச்சும் யாழ்ப்பாணப் பேச்சும் சிங்களம் கலந்த தமிழும் ஒரே கூரையின் கீழ் மோதிக்கொள்வதே நகைச்சுவையின் அடித்தளம். வானொலியில் பழகிய குரல்கள் என்பதால் இரசிகர்கள் திரண்டனர்.

‘பொன்மணி’ (1977) நேர்மாறானது. யாழ்ப்பாணத்தில் விரிவுரையாளராக இருந்த சிங்கள இயக்குநர் தர்மசேன பத்திராஜவுக்காகக் காவலூர் ராஜதுரை எழுதிய திரைக்கதை இது. மூத்த சகோதரி சீதனத்துக்காகக் காத்திருக்கும் வீட்டில் இளையவள் சாதி எல்லையைத் தாண்டிக் காதலிக்கிறாள். அடுக்குமொழி இல்லை, தனி நகைச்சுவைப் பகுதி இல்லை. வீட்டாரின் பேச்சு குறைய, காத்திருப்பே காட்சியாகிறது. வெளியானபோது கூட்டம் சேரவில்லை. பிற்கால விமரிசகர்கள் இதை ஈழத்துத் தமிழ் சினிமாவின் முதன்மையான படங்களில் ஒன்றாக வைத்தனர். ராஜதுரை வானொலி, விளம்பரத் துறைகளில் இயங்கி, பின்னர் அவுஸ்திரேலியாவில் குடியேறி, 2014இல் காலமானார்.

‘வாடைக்காற்று’ (1978) செங்கை ஆழியானின் நாவலைத் தழுவியது. பருவத்துக்கு வாடி அமைக்க வரும் மீனவருக்கும் தீவு மக்களுக்கும் இடையிலான உறவை நாவல் சொன்னது. அதற்குத் திரைக்கதை வசனம் எழுதிய செம்பியன் செல்வன், செங்கை ஆழியானைப் போலவே பேராதனையில் புவியியல் படித்த சிறுகதையாசிரியர். பிறேம்நாத் மொறாயஸ் இயக்கினார்.

முறிவும் புலம்பெயர்வும்

1983 ஜூலைக் கலவரத்தில் கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. போர் பரவியதும் தமிழ்ப் படத் தயாரிப்பு ஏறத்தாழ நின்றது. அடுத்த தலைமுறை எழுத்து வெளிநாடுகளில் வளர்ந்தது. அல்லைப்பிட்டியில் பிறந்து பிரான்சில் வாழும் ஷோபாசக்தி, லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ (2011) திரைக்கதையில் பங்கேற்றார். கனடாவில் லெனின் எம். சிவம் ‘1999’ (2009), ‘ஏ கன் அண்ட் எ ரிங்’ (2013) ஆகியவற்றைத் தானே எழுதி இயக்கினார். முன்பு எழுதுபவரும் இயக்குபவரும் பெரும்பாலும் வெவ்வேறு ஆட்களாக இருந்தனர். இக்காலத்தில் இரு பணிகளும் ஒருவரிடமே சேர்வது வழக்கமாயிற்று.

மதிப்பீடு

தொழிலாக நிலைக்காததால் ஈழத்துத் திரைக்கதையில் உத்திகள் ஒரு படத்திலிருந்து அடுத்ததற்குக் கைமாறவில்லை. ஒவ்வொருவரும் புதிதாகத் தொடங்கினர். ஆனால் அவர்கள் வந்த துறைகள் வேறொரு பலத்தைத் தந்தன. மலையகம், தீவகம், குடாநாடு என்று அந்தந்த மண்ணைக் கதைகளில் எழுதிப் பழகியவர்களே திரைக்கும் எழுதினர். 1970களின் படங்கள் இன்று தொழில்நுட்பத்தைவிடப் பேச்சு வழக்குக்காகவும் சமூகச் சித்திரிப்புக்காகவும் ஆராயப்படுவதற்கு அதுவே காரணம்.