மூவாரிலிருந்து இஸ்தானா வரை: எஸ். ஆர். நாதனின் இளமையும் வாழ்வும்

எளிய குடியிற் பிறந்து ஒரு நாட்டின் தலைமையை எய்தியவர் யார் என்று வகுப்பறையில் வினவினால், முதலில் எழும் பெயர் ஆபிரகாம் லிங்கன் என்பதே. கென்டக்கியில் 1809-ஆம் ஆண்டு மரக்குடிசையொன்றில் பிறந்தது, ஒன்பது வயதில் அன்னையை இழந்தது, எல்லாம் சேர்த்து ஓராண்டு கூடப் பள்ளிக்குச் செல்லாதது, இரவல் நூல்களைப் படித்தே வழக்கறிஞரானது, 1861-இல் அமெரிக்க அதிபரானது ஆகிய செய்திகளைத் தமிழாசிரியர் பலரும் மாணவர்க்கு எடுத்துரைத்து வந்துள்ளனர். நல்ல கதையே. ஆயினும் அது மிகத் தொலைவில் நிகழ்ந்த கதை. பாடாங் செராய்த் தோட்டப்புறத்துப் பிள்ளைக்குக் கென்டக்கி எங்குள்ளது என்று படம் காட்டித்தான் விளக்க வேண்டும். ரப்பர் விலை சரிந்தால் வீட்டில் அடுப்பு எப்படி அணையும் என்பதையோ, அது தாத்தா பாட்டியிடமே கேட்டறிந்திருக்கும்.

அத்தகைய சரிவொன்றில் தந்தையைப் பறிகொடுத்த தமிழ்ச் சிறுவன் ஒருவன், பின்னாளில் ஒரு குடியரசின் தலைவனாகப் பன்னிரண்டு ஆண்டுகள் வீற்றிருந்தான். அச்சிறுவனே சிங்கப்பூரின் ஆறாவது அதிபராகிய எஸ். ஆர். நாதன்.

ரப்பர் விலையும் ஒரு குடும்பமும்

செல்லப்பன் ராமநாதன் 1924-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 3-ஆம் நாள் சிங்கப்பூரில் பிறந்தார். தந்தையார் செல்லப்பன் வழக்கறிஞர் அலுவலகக் குமாஸ்தா. ரப்பர்த் தோட்டங்களின் சட்ட அலுவல்களைக் கவனித்த நிறுவனமொன்றில் பணிபுரிய அவர் ஜோகூர் மாநிலத்து மூவாருக்குச் சென்றார். அங்கே கடலை நோக்கி நின்ற ஒரு வீட்டில் ராமநாதனின் பிள்ளைப் பருவம் கழிந்தது.

அந்த வாழ்வு நெடுநாள் நிலைக்கவில்லை. 1929-இல் உலகைப் பற்றிய பொருளாதார மந்தம் மலாயாவையும் விட்டு வைக்கவில்லை. அமெரிக்காவில் மோட்டார் வண்டி வாங்குவோர் குறைந்தனர். வண்டி குறையவே டயரும் குறைந்தது. டயர் குறையவே ரப்பர் கேட்பாரற்றுப் போயிற்று. 1932-இல் அதன் விலை அடிமட்டத்தைத் தொட்டது. பல்லாயிரம் தமிழ்த் தொழிலாளர் வேலையிழந்து, கப்பலேற்றப்பட்டுத் தாயகத்திற்குத் திருப்பி அனுப்பப்பட்டனர். இத்துயரம் பால்மரக் காட்டோடு நின்றுவிடவில்லை. தோட்டத்தை நம்பி வாழ்ந்த கடைக்காரர், வண்டிக்காரர், கணக்கர், குமாஸ்தா என்று ஒவ்வொரு படியாக ஏறித் தாக்கியது. செல்லப்பனும் கடனில் ஆழ்ந்தார். மீளும் வழி காணாமல் தம் உயிரைத் தாமே மாய்த்துக் கொண்டார். அப்போது ராமநாதனுக்கு வயது எட்டு.

இருமுறை அடைபட்ட கதவு

குடும்பம் சிங்கப்பூரில் வாழ்ந்த காலத்தில் சிறுவன் ஆங்கிலோ சீனப் பள்ளியிலும், ரங்கூன் சாலைப் பள்ளியிலும், பின்னர் விக்டோரியா பள்ளியிலும் பயின்றான். பயின்றான் என்று எழுதுவது எளிது. உண்மையில் அவன் இருமுறை பள்ளியிலிருந்து நீக்கப்பட்டவன். பதினாறாம் வயதில் தாயோடு பிணங்கிக் கொண்டு வீட்டை விட்டே ஓடியவன். படிப்பு முடியுமுன்னரே வேலைக்குப் போனவன்.

பெரியோர் வரலாற்றை மாணவர்க்குச் சொல்லும்போது இத்தகைய செய்திகளை மறைத்துவிடுவது வழக்கம். அது தவறான வழக்கம். மறைத்தால் எஞ்சுவது பொம்மை, மனிதன் அல்லன். மேலும், ஆசிரியர் சிந்திக்க வேண்டிய இடமும் இதுவே. பள்ளிப் பதிவேட்டில் ஒழுங்கீனம் என்று எழுதப்படும் ஒன்று, பல வேளைகளில் வீட்டிலே நேர்ந்த இழப்பின் மறுபெயராக இருக்கிறது. எட்டு வயதில் தந்தையை அவ்வாறு இழந்த பிள்ளை, பாடத்தில் மனம் ஒன்றாமல் அலைந்தால் வியப்பென்ன? நீக்கல் ஆணையைப் பிறப்பிக்க ஒரு தாள் போதும். அப்பிள்ளையின் வீட்டைப் பற்றி விசாரிக்கவோ ஒரு மாலைப் பொழுது வேண்டும்.

போர்க்காலமும் ஓர் அகராதியும்

1942-இல் மலாயாவும் சிங்கப்பூரும் ஜப்பானியர் வசமாயின. இளைஞர் ராமநாதன் ஆங்கில ஜப்பானிய அகராதி ஒன்றை வைத்துக்கொண்டு தாமே ஜப்பானிய மொழி கற்று, ஜப்பானியக் காவல் துறையிடம் மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றினார். இந்தப் பகுதி நடுநிலையோடு நோக்கத் தக்கது. அதே ஆண்டுகளில்தான் மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர் பெருந்தொகையாகச் சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டு செல்லப்பட்டு, நோயாலும் பசியாலும் மாண்டனர். ஆக்கிரமிப்பாளரிடம் வேலை பார்த்த காலத்தை நாதன் ஒளித்து வைக்கவில்லை. வரலாறு எழுதுவோரும் அதை ஒளிக்க வேண்டியதில்லை. அதுகொண்டு அவரை வீரராக்கவும் வேண்டியதில்லை. வழிகாட்டியற்ற ஓர் இளைஞன் பிழைப்பதற்குப் பற்றிய கோல் ஒரு மொழி என்பது மட்டும் தெளிவு.

மூவாரில்தான் ஊர்மிளா நந்தி என்ற வங்காளப் பெண்ணை அவர் கண்டு காதலித்தார். இனமும் மொழியும் குறுக்கே நின்றன. பதினாறு ஆண்டுகள் காத்திருந்து 1958-இல் அவரையே மணந்தார்.

போர் ஓய்ந்த பின், வேலை செய்துகொண்டே தாமாகப் படித்து உயர்நிலைக் கல்வியை நிறைவு செய்தார். அந்நாளில் சிங்கப்பூரில் இயங்கிய மலாயாப் பல்கலைக்கழகத்திற் சேர்ந்து, 1954-இல் சமூகவியல் பட்டயத்தைச் சிறப்புத் தகுதியோடு பெற்றார். பிறர் இருபதில் முடிப்பதை அவர் முப்பதை நெருங்கி முடித்தார். லிங்கனுக்கும் நாதனுக்கும் உள்ள மெய்யான ஒற்றுமை வறுமை அன்று. பள்ளி விட்ட இடத்திலிருந்து தாமே தொடர்ந்து கற்றமையே ஆகும்.

அடிப்படியிலிருந்து தொடங்கிய பணி

1955-இல் அவர் ஏற்ற முதல் அரசுப் பணி மருத்துவமனைச் சமூக நல அலுவல். அடுத்த ஆண்டு கடலோடிகள் நல அதிகாரியானார். நோயாளியின் குடும்பம் என்ன உண்ணும், கரையிறங்கிய மாலுமி எங்கே உறங்குவான் என்று கேட்பதே இவ்வேலைகளின் உயிர். 1962-இல் தொழிலாளர் ஆய்வுப் பிரிவுக்குச் சென்று தொழிற்சங்கங்களுக்குத் துணை நின்றார். 1966-இல் வெளியுறவு அமைச்சுக்கும், 1971-இல் தற்காப்பு அமைச்சுக்கும் மாறினார்.

1974-ஆம் ஆண்டு ஜனவரி 31-ஆம் நாள், புக்கோம் தீவின் எண்ணெய்க் கிடங்கைத் தாக்கிய நால்வர், 'லாஜூ' என்ற படகைக் கைப்பற்றி அதன் பணியாளரைப் பிணைபிடித்தனர். நால்வருள் இருவர் ஜப்பானியச் செம்படையினர். பிணையாளிகளை மீட்கும் பொருட்டு, நாதன் தலைமையில் 13 பேர் தம்மையே பிணையாக ஒப்படைத்து, ஆயுதம் தாங்கிய அந்நால்வரோடு குவைத்துக்குப் பறந்தனர், பாதுகாப்பாக மீண்டனர்.

பின்னர் 1988-இல் மலேசியாவுக்கான தூதரானார். 1990 முதல் 1996 வரை அமெரிக்காவில் தூதராயிருந்து, லிங்கன் ஆண்ட வாஷிங்டன் நகரிலேயே தம் நாட்டின் குரலாக விளங்கினார். 1999-ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் நாள் அதிபராகப் பொறுப்பேற்றார். 2005-இல் மீண்டும் தேர்வானார். இருமுறையும் போட்டியின்றியே தேர்வு பெற்றார் என்பதும் வரலாற்றின் ஒரு பகுதி. இஸ்தானா மாளிகைக்குச் சென்ற பின்னும் பழைய சமூக நல அலுவலர் அவருள் உறங்கிவிடவில்லை. 2000-இல் 'அதிபர் சவால்' என்னும் அறநிதி இயக்கத்தைத் தொடங்கி, ஆண்டுதோறும் எளியோர்க்குப் பணம் திரட்டும் மரபை ஏற்படுத்தினார். 2011 ஆகஸ்ட் 31 வரை பதவி வகித்து, சிங்கப்பூரில் மிக நீண்ட காலம் அதிபராயிருந்தவர் என்ற பெயரும் பெற்றார்.

2016-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 22-ஆம் நாள், தம் 92-ஆம் வயதில் அவர் மறைந்தார். அரசு மரியாதையுடன் நிகழ்ந்த இறுதிச் சடங்கில், அவர் விரும்பிக் கேட்ட தமிழ்ப் பாட்டொன்று ஒலித்தது. பல ஊர் மண்ணையும் ஒன்றாய்க் குழைத்துப் பொம்மை செய்வதைப் பற்றிய, 'பொற்காலம்' திரைப்படப் பாட்டு அது. சீனரும் மலாய்க்காரரும் அதைக் கேட்டுக் கண் கலங்கினர்.

இவ்வாழ்வை முயற்சி திருவினையாக்கும் என்ற ஒரு பாடத்துக்கு மட்டும் சான்றாக்கினால் பாதி உண்மையே கிட்டும். நாதன் போன்று பள்ளியிலிருந்து நீக்கப்பட்ட பிள்ளைகள் பலர். அவர்களுள் அகராதி கிடைக்காதவர், மீண்டும் படிக்க வாய்ப்புப் பெறாதவர், தோட்டத்து லயத்திலும் நகரத்துத் தெருவிலும் பெயரின்றி மறைந்தனர். உயர்ந்த ஒருவரின் கதையை வியந்து சொல்லும் ஆசிரியர், வருகைப் பதிவேட்டில் மூன்று நாளாக வெற்றிடமாயிருக்கும் பெயரையும் ஒருமுறை உற்று நோக்குவாராக. அந்த வீட்டுக் கதவைத் தட்டி, என்ன நேர்ந்தது என்று கேட்பது இக்கதையை நூறு முறை சொல்வதினும் பெரிது.